0.8 நொடி தாமதம்

இப்படி ஒரு நோயைக் கற்பனை செய்து பாருங்கள். காது நன்றாகவே கேட்கும், ஆனால் ஒலி உரிய நேரத்தில் வந்து சேராது. கதவு மூடியதைப் பார்த்துவிடுவீர்கள், சத்தம் கொஞ்சம் கழித்து வரும். சில நேரம் எதிரில் இருப்பவர் வாயைத் திறப்பதற்கு முன்பே அவர் குரல் கேட்டுவிடும். டப்பிங் ஒட்டாத ஒரு படத்துக்குள்ளேயே குடியிருப்பது மாதிரி. அறிவியல் புனைகதைக்கு நல்ல கரு. ஆனால் 1796இல் ஒரு இளைஞருக்கு ஏறக்குறைய இந்தக் காரணத்துக்காகவே வேலை போயிருக்கிறது.

அவர் பெயர் டேவிட் கின்னெப்ரூக். இங்கிலாந்தின் நாரிச் நகரத்துக்காரர். 1794இல் கிரீனிச் வான் ஆய்வகத்தில் உதவியாளராகச் சேர்ந்தார். மேலதிகாரி நெவில் மாஸ்கலின், 1765 முதல் அரசு வானியலாளர் பதவியில் இருந்தவர்.

வேலை கேட்க எளிமையானது. தொலைநோக்கிக்குள் மெல்லிய கம்பிகள் செங்குத்தாகக் கட்டப்பட்டிருக்கும். நட்சத்திரம் கம்பியைக் கடக்கும் நேரத்தைக் குறிக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் அந்தக் கணத்தில் கடிகாரத்தைத் திரும்பிப் பார்த்தால் நட்சத்திரம் போய்விடும். அதனால் கண் தொலைநோக்கியில், காது கடிகாரத்தில். முதலில் ஒருமுறை மணியைப் பார்த்துக்கொண்டு, பிறகு டிக் டிக்கென்று எண்ணிக்கொண்டே வர வேண்டும். கம்பியைத் தொடுவதற்கு முந்தைய டிக்கில் நட்சத்திரம் எங்கே இருந்தது, அடுத்த டிக்கில் எங்கே இருந்தது? இரண்டு தூரத்தையும் மனசுக்குள் ஒப்பிட்டு, நொடியைப் பத்தாகப் பிரித்து எழுத வேண்டும். இதற்குப் பெயரே ‘கண்-காது முறை’.

1795 ஆகஸ்ட் வாக்கில் மாஸ்கலினுக்கு ஒன்று தட்டுப்பட்டது. கின்னெப்ரூக் எழுதும் நேரம் தன்னுடையதைவிட அரை நொடி பிந்தியிருக்கிறது. கூப்பிட்டுச் சொன்னார். சொன்ன பிறகு குறைந்ததா என்றால் இல்லை, 1796 ஜனவரியில் அது 0.8 நொடியாகிவிட்டது.

முக்கால் நொடிக்கா இவ்வளவு அமர்க்களம் என்று தோன்றலாம். பூமத்திய ரேகையில் நிலம் ஒரு நொடிக்குச் சுமார் 465 மீட்டர் சுழல்கிறது. 0.8 நொடி பிசகினால் கிட்டத்தட்ட 370 மீட்டர் பிசகும். மாஸ்கலினின் ஆய்வகம் கப்பல்களுக்கு வழிகாட்டும் வானியல் அட்டவணைகளுக்குத் தரவு கொடுத்த இடம். அவர் கவலைப்பட்டதில் நியாயம் இருக்கிறது.

உதவியாளரை அனுப்பிவிட்டார். மற்றபடி அவர் உழைப்பாளி, பயனுள்ளவர், மனமில்லாமல்தான் பிரிந்தேன் என்று ஆய்வகத்தின் பதிவுகளில் அச்சிலேயே எழுதினார். ஒழுங்கில்லாத ஏதோ ஒரு சொந்த முறைக்குள் பையன் வழுக்கி விழுந்துவிட்டான் என்பது அவருடைய ஊகம். ஆனால் ஒரு கேள்வி அவருக்கு எழவே இல்லை. தாமதம் என்றால், எதிலிருந்து தாமதம்? மாஸ்கலினின் காதிலிருந்து. அந்தக் காது சரியா என்று யாரும் சோதிக்கவில்லை. அது முதலாளியின் காது, அதனால் அதுவே கடிகாரமாகிவிட்டது.

அச்சில் கிடந்த அந்தச் சிறு குறிப்பு இருபது வருஷம் கழித்து ஜெர்மானிய வானியலாளர் பெசலின் கண்ணில் பட்டது. கோனிக்ஸ்பெர்க் ஆய்வகத்தின் தலைவர் அவர். மாஸ்கலின் கேட்காததை இவர் கேட்டார்: தப்பு இல்லாமலேயே இரண்டு பேருக்கு இப்படி வித்தியாசம் வருமா? 1820இல் தானும் வால்பெக் என்ற வானியலாளரும் ஒரே நட்சத்திரங்களை ஒரே கருவியில் பார்த்து ஒப்பிட்டார். இருவருமே தேர்ந்தவர்கள். வித்தியாசம் 1.04 நொடி. 1823இல் ஆர்கெலாண்டரோடு ஒப்பிட்டபோது 1.22 நொடி. இரண்டு தடவையும் முந்திக்கொண்டவர் பெசல்தான்.

அதாவது, வேலை போவதற்குக் காரணமான 0.8 நொடியைவிட இது அதிகம். இங்கே யாரையும் யாரும் வேலையை விட்டு அனுப்பவில்லை. யார் சரி என்று சொல்லவும் வழியில்லை, ‘இவருக்கும் அவருக்கும் இவ்வளவு’ என்று மட்டும்தான் சொல்ல முடியும். வானியலாளர்கள் அதற்கு ‘தனிநபர் சமன்பாடு’ என்று பெயர் வைத்து, கணக்கில் கூட்டிக் கழிக்கத் தொடங்கினார்கள்.

1860களில் வில்ஹெல்ம் வுண்ட் இதே புதிரை வானத்திலிருந்து மேசைக்கு இறக்கினார். ஊசல் ஆடும், ஒரு குறிப்பிட்ட இடத்தில் மணி அடிக்கும். மணி அடித்தபோது ஊசல் எங்கே இருந்தது என்று கேட்டால், பார்ப்பவர் வேறு இடத்தைக் காட்டுவார். கண்ணையும் காதையும் மனம் ஒரே கணத்தில் கவனிப்பதில்லை என்பது அவர் முடிவு. 1879இல் லைப்சிக்கில் அவர் தொடங்கிய உளவியல் ஆய்வுக்கூடத்துக்குப் பின்னால் இந்தப் பழைய டிக் டிக்கும் இருக்கிறது.

இன்று கொஞ்சம் கூடுதலாகத் தெரியும். பக்கத்தில் நடக்கும் நிகழ்வின் ஒலி, மூளைக்கு ஒளியைவிட முன்னாலேயே போய்விடுகிறது, ஏனென்றால் விழித்திரைக்கு வேலை அதிகம். இரண்டையும் மூளை தைத்து ‘இப்போது’ என்று நமக்குக் கொடுக்கிறது. அந்தத் தையல் விட்டுப்போன ஒருவரைப் பற்றி 2013இல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். பேசுபவரின் உதடு அசைவதற்கு முன்பே அவருக்குக் குரல் கேட்டது. மூளைத்தண்டுப் பகுதியில் சிறு பாதிப்பு இருந்தது. நாம் ஆரம்பத்தில் கற்பனை செய்த நோய் அப்படியொன்றும் கற்பனை இல்லை. நமக்கும் அவருக்கும் உள்ள தூரம் நொடியின் சில பின்னங்கள்தான்.

கின்னெப்ரூக் நாரிச்சுக்குத் திரும்பினார். 1802இல் இறந்தார், வயது முப்பதுதான். பெசல் வால்பெக்கோடு உட்கார்ந்து நட்சத்திரம் பார்த்தது அதற்குப் பதினெட்டு ஆண்டுகள் கழித்து.