மார்செல் தாலியோ: பிரபுவும் சூதாட்ட மேசைப் பணியாளரும்

1930களின் பிரெஞ்சு சினிமாவில் குட்டையான உருவமும் கூரிய மூக்கும் சுருள் முடியும் கொண்ட நடிகருக்குக் கிடைத்த வேடங்கள் பெரும்பாலும் காட்டிக்கொடுப்பவன், ஏமாற்றுக்காரன், சந்தேகத்துக்குரிய வெளிநாட்டான் போன்றவையே. மார்செல் தாலியோ இந்த வட்டத்துக்குள்தான் திரைக்கு வந்தார். ருமேனியாவிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தில், 1899இல் பாரிஸில் பிறந்த இவரது இயற்பெயர் இஸ்ராயேல் பிளௌஷில்ட். 1937இல் ஜூலியன் துவிவியே இயக்கிய ‘பெப்பே லெ மொக்கோ’வில், ழான் கபேன் நடித்த கொள்ளையனைப் போலீஸிடம் காட்டிக்கொடுக்க முயலும் உளவாளியாக வந்தார்.

இந்த முகத்துக்கு வேறு வேலை இருக்கிறது என்று கண்டவர் இயக்குநர் ழான் ரெனுவார். அதே ஆண்டில் வெளியான அவரது ‘பெரும் மாயை’யில், முதல் உலகப் போரின் ஜெர்மன் சிறைமுகாமில் அடைபட்ட ரோசந்தால் என்ற பணக்கார யூத அதிகாரி தாலியோ. வீட்டிலிருந்து வரும் உணவுப் பொட்டலங்களைச் சக கைதிகளோடு பங்கிட்டு உண்பவர். தப்பியோடும்போது அவர் காலில் அடிபடுகிறது. உடன் வரும் கபேன் எரிச்சலில் வசைபாடி, விட்டுவிட்டு நடந்து, மீண்டும் திரும்பி வருகிறார். படத்தின் உயிர் அந்தச் சச்சரவில்தான் இருக்கிறது.

1939இல் ரெனுவார் இன்னும் துணிந்தார். ‘ஆட்டத்தின் விதி’யில் தாலியோவை லா ஷெனே பிரபுவாக்கினார். மாளிகை, மனைவி, காதலி, இயந்திரப் பொம்மைகளைச் சேர்க்கும் மோகம் எல்லாம் உள்ள மனிதர். தான் வாங்கிய இயந்திர இசைப்பெட்டியை விருந்தினருக்குக் காட்டிவிட்டு, பெருமையும் வெட்கமும் ஒருசேர அவர் நிற்கும் காட்சி தாலியோவின் மொத்த வாழ்வுக்கும் மகுடம் எனலாம். மாளிகை வேலைக்காரர்கள் இந்தப் பிரபுவின் யூத வம்சத்தைப் பற்றி வம்பு பேசுகிறார்கள். அங்கே அடிபடும் பெயரும் ரோசந்தால்தான். படம் திரையிடப்பட்டபோது கூச்சல் எழுந்தது. யூத நடிகர் பிரெஞ்சுப் பிரபுவாக வந்ததும் சிலருக்குப் பொறுக்கவில்லை. போர் தொடங்கியதும் அரசு படத்தைத் தடை செய்தது.

1940 ஜூனில் ஜெர்மன் படை பாரிஸை நெருங்கியபோது, தாலியோ தம் இளம் மனைவி மதலேன் லெபோவுடன் வெளியேறினார். லிஸ்பனிலிருந்து கப்பலில் போன அவர்களின் சிலி நாட்டு விசா போலி என்பது மெக்சிகோவில்தான் தெரிந்தது. கனடா கொடுத்த தற்காலிகக் கடவுச்சீட்டுகளோடு அமெரிக்கா போய்ச் சேர்ந்தார்கள். இதற்கிடையே நாஜிகள், ‘யூதன் இப்படித்தான் இருப்பான்’ என்று காட்ட அவர் முகத்தையே சுவரொட்டியில் அச்சிட்டார்கள். பெற்றோர் வதைமுகாமில் மாண்டனர்.

ஹாலிவுட் அவரைச் சின்னச் சின்னப் பிரெஞ்சுக்கார வேடங்களில் அடக்கியது. ‘காசாபிளாங்கா’வில் சூதாட்ட மேசையில் சக்கரம் சுழற்றும் எமில் அவர்தான், பெயர்ப் பட்டியலில் இடமில்லை. சூதாட்டம் நடக்கிறதா என்று அதிர்ச்சி காட்டும் போலீஸ் தலைவரிடம், ஜெயித்த பணத்தைப் பவ்வியமாக நீட்டுகிற ஒரு நொடி போதும். அதே படத்தில் லெபோவும் நடித்தார். அந்தக் காலத்தில்தான் இருவரும் பிரிந்தனர். 1944இல் ‘டு ஹேவ் அண்ட் ஹேவ் நாட்’ படத்தில் விடுதிக்காரர் வேடம் சற்றுப் பெரியது.

போருக்குப் பின் பாரிஸ் திரும்பியவர் அட்லாண்டிக்கின் இரு கரைகளிலும் வேலை செய்தார். ‘சப்ரினா’வில் சமையல் பள்ளிக்கு வரும் முதிய பாரன், ‘கேட்ச்-22’இல் எல்லா ஆட்சியையும் தாண்டி உயிர்வாழும் இத்தாலியக் கிழவர் என வேடங்கள் தொடர்ந்தன. ரெனுவார் தந்ததைப் போல இன்னொரு பெரிய பாத்திரம் மட்டும் கிடைக்கவில்லை. அது நடிகரின் குறையல்ல, பார்த்த கண்களின் குறை. 1973இல் லூயி த ஃபுனேஸ் நாயகனாக நடித்த ‘ராப்பி ஜேக்கபின் சாகசங்கள்’ என்ற நகைச்சுவைப் படத்தில் உண்மையான ராப்பி ஜேக்கப் அவரே. தாலியோ 1983 நவம்பரில் பாரிஸில் காலமானார்.