ஆவாரம்பட்டையின் கதை

போகிக்கு அவனியாபுரம் கண்மாய்ப் பக்கம் ஆவாரம்பூ தேடிப் போனேன். பூளைப்பூ, வேப்பிலையோடு சேர்த்துக் காப்புக் கட்டணுமே! முன்னெல்லாம் வழியெங்கும் மஞ்சளாப் பூத்துக் கிடக்கும்.

இது நேத்து வந்த செடி இல்லை. குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கும் பூக்களில் ஆவிரையும் ஒன்று. மடலேறுகிறவன் பனைமடல் குதிரைக்குச் சூட்டியதும் இதே பூதான்.

வெள்ளைக்காரன் காலத்தில் பட்டைக்குத்தான் கிராக்கி. சென்னை மாகாணத் தோல்ஷாப்புகள் ஆவாரம்பட்டையில் பதனிட்ட மாட்டுத்தோல், 'கிழக்கிந்திய கிப்ஸ்' என்ற பெயரில் லண்டன் சந்தைக்குப் போனது. பிறகு தென்னாப்பிரிக்காவிலிருந்து வாட்டில் பட்டை வந்தது. ஆவாரைக்கு மவுசு போனது.

பட்டைக்காக வெட்டினாலும் அடிக்கட்டை மறுபடி துளிர்த்துவிடும். வீட்டுமனைக்காக வேரோடு வாரிய இடத்தில் எது துளிர்க்கும்? கடைசியில் மார்க்கெட்டில்தான் பூ வாங்கினேன்.