சுனிபாலா தேவி: வங்கத் திரையின் முதிய நடிகை

சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ 1955ஆம் ஆண்டு ஆகஸ்ட் 26ஆம் திகதி கல்கத்தாவில் திரையிடப்பட்டது. அதில் இந்திர் தாக்ருன் என்னும் கிழவியாகத் தோன்றிய சுனிபாலா தேவி அப்போது உயிருடன் இல்லை. கூனிய முதுகும், பல்லிழந்த வாயும், கிழிந்த வெண்புடைவையுமாக அவர் நடமாடுவதைக் காண்போருக்கு, வங்கக் கிராமமொன்றில் வாழ்ந்த ஏழை மூதாட்டி ஒருத்தியை அவளறியாமலே படம்பிடித்து விட்டனர் என்றே தோன்றும். அஃது உண்மையன்று. அவர் மேடையிற் பயின்ற நடிகை.

வங்க நாடகமேடையிற் பெண் வேடங்களைப் பெண்களே ஏற்கும் வழக்கம் 1873இல் பெங்கால் தியேட்டரில் வேரூன்றியது. குலப்பெண்டிர் மேடையேறாத அக்காலத்தில், நடிகையர் பரத்தையர் தெருக்களிலிருந்தே அழைத்து வரப்பட்டனர். இரவிலே கைதட்டி ஆரவாரித்த நகரம் பகலிலே அவர்களுக்குத் தன் வாயிலைத் திறக்கவில்லை. தன் வரலாற்றைத் தானே எழுதிவைத்த பினோதினி தாசியைப் போன்ற ஓரிருவர் நீங்கலாக, ஏனையோர் பெயரளவிலேயே எஞ்சினர். அம்மேடை மரபிலே வந்தவர் சுனிபாலா. திரையில் அவருக்குக் கிடைத்தவை மிகச் சில: 1930இல் ‘பிக்ரஹா’ என்னும் மௌனப்படம், 1939இல் ‘ரிக்தா’. அதன்பின் நெடுங்காலம் எவரும் அவரை அழைக்கவில்லை.

விபூதிபூஷண் பந்தோபாத்யாயரின் நாவலைப் படமாக்க முனைந்த ராய்க்கு, இந்திர் பாத்திரமே பெரும் இடர்ப்பாடாயிற்று. இளையவளுக்கு ஒப்பனையால் முதுமை பூட்டுவதை அவர் விரும்பவில்லை. உண்மையான முதுமையும், நாள் முழுதும் உழைக்கும் வலிவும், நினைவாற்றலும் ஒருவரிடத்தே கூடியிருத்தல் வேண்டுமே! இறுதியில், அதே படத்தில் நடித்த ரேபா தேவி என்பவர் வழிகாட்ட, எண்பது வயதை எட்டிய சுனிபாலாவை ராய் சென்று கண்டார். தாலாட்டுப் பாடல் ஒன்று தெரியுமா என வினவினார். ராய் அறிந்திருந்ததினும் நீண்ட பாடத்தைக் கிழவி தடையின்றி ஒப்புவித்தாராம். நாளொன்றுக்கு இருபது ரூபா ஊதியம் பேசப்பட்டது. கல்கத்தாவிலிருந்து வாடகைக் காரில் போரால் கிராமத்துக்கு வந்து போவார். அவருடைய தவிராத தேவை அபின் ஒன்றே. அது தவறிய ஒருநாள் மயங்கி வீழ்ந்தார்.

அவருடைய நினைவாற்றலைப் பற்றி ராய் எழுதியவை சிந்திக்கத்தக்கன. ஒரே காட்சியின் துண்டுகள் வெவ்வேறு நாட்களிற் பிடிக்கப்படும்போது, மூட்டை எந்தக் கையில் இருந்தது, எந்தக் கை நனைந்திருந்தது என்பவற்றைப் படப்பிடிப்புக் குழுவினர் மறந்த வேளையிலும் கிழவி மறந்ததில்லை. பாட்டொன்று வேண்டப்பட்டபோது, பழைய பக்திப் பாடலொன்றைத் தம் நினைவிலிருந்தே எடுத்துத் தந்தார். நிலவொளியில் அவர் பாடும் அக்காட்சியைப் படத்தின் உச்சங்களுள் ஒன்றெனக் கூறுதல் மிகையாகாது. எதேச்சையாகக் கிடைத்த கிழவியொருத்தி இவ்வாறு செய்திருத்தல் இயலுமா?

மரணக் காட்சியே மிகக் கடினமானது. மூங்கிற் புதரிடையே குந்தியிருக்கும் கிழவியைச் சிறுமி துர்க்கா அசைக்க, உடல் சாய்ந்து தலை நிலத்தில் மோதுகின்றது. பிறகு பாடையிற் சுமந்து செல்லுதல். மரணத்தை அண்மித்த ஒருவரை அவ்வாறு கிடத்துவது தகுமோ என ராய் தயங்கினார். சுனிபாலாவோ தயங்கவில்லை. படம்பிடித்து முடிந்த பின்னும் அவர் அசையாதிருக்கக் கண்டு சூழநின்றோர் அஞ்சினர். சற்றுப் பொறுத்துக் கண்விழித்தவர், முடிந்துவிட்டதென்பதைத் தமக்கு ஏன் ஒருவரும் சொல்லவில்லை என்று கேட்டாராம். பிணமாக நடிப்பதிலும் அத்தனை ஒழுங்கு!

படப்பிடிப்பு 1952 ஒக்டோபரில் தொடங்கிப் பணமின்மையால் இடையிடையே நின்று, மேற்கு வங்க அரசின் உதவியாலேயே நிறைவெய்தியது. அந்நீண்ட இடைவெளியிலும் சிறுவன் அபுவின் குரல் உடையவில்லை, துர்க்கா வளர்ந்துவிடவில்லை, இந்திர் தாக்ருன் இறக்கவில்லை என்று ராய் பின்னாளில் மூன்று அற்புதங்களை எண்ணிக் காட்டினார். முன்னிரண்டும் இயற்கையின் செயல். மூன்றாவதிற் கிழவியின் மனவுறுதிக்கும் பங்குண்டு போலும். தம் வேலையை முடித்துக் கொடுத்த பின்னரே, 1955இல், அவர் மறைந்தார்.