மலேசியத் தமிழ் மின்னணுப் பாப் இசையில் மெட்டு

மலேசியத் தமிழ் மின்னணுப் பாப், கணினியிலும் சின்தசைசரிலும் உருவாகி, பெரும்பாலும் திரைப்படத்தைச் சாராமல் வெளிவரும் பாடல் வகை. திரைமெட்டு, ராப், உருமி மேளம் மூன்றும் அதற்கு உரமிட்டவை. சுரங்களைத் தனித்தனிப் படிகளாக வெட்டி வைக்கும் கருவிக்கும், படிகளுக்கிடையே வழுக்கிச் செல்லும் தமிழ்க் குரலுக்கும் நடுவே நடக்கும் இழுபறிதான் இந்த இசையின் மெட்டை வடிவமைக்கிறது.

தோற்றம்

இளையராஜா 'புன்னகை மன்னன்' (1986) படத்தில் கணினி இசையைக் கையாண்டார். ஏ. ஆர். ரகுமானின் 'ரோஜா' (1992) மின்னணு ஒலியை வீடுதோறும் கொண்டு சேர்த்தது. மலேசியாவில் 1990களில் பொயட்டிக் அம்மோ குழு ஆங்கிலம், மலாய், தமிழ் எனப் பல மொழிகளில் ராப் பாடியது. அக்குழுவின் யோகி பி, டாக்டர் பர்ன், எம்சி ஜெஸ் ஆகியோருடன் 'யோகி பி & நட்சத்திரா' என்ற பெயரில் 2006இல் 'வல்லவன்' தொகுப்பை வெளியிட்டார்.

அதில் 'நிழல்கள்' (1980) படத்தின் 'மடை திறந்து' பாடல் புது உருவம் பெற்றது. பல்லவியின் மெட்டு அப்படியே நின்றது. சரணம் இருந்த இடத்தை ராப் பிடித்துக்கொண்டது. பாட்டின் மெட்டு முழுவதும் பல்லவிக்குள் அடங்கும் இந்த அமைப்பு பின்னர் பலருக்கும் வழியானது.

சுருங்கிய மெட்டு

பழைய திரைப்பாடல் கீழ்ச்சுரத்தில் தொடங்கிச் சரணத்தில் உச்சத்தைத் தொடும். மின்னணுப் பாப்பில் நான்கைந்து சுரங்களுக்குள் அடங்கும் குறுந்தொடர் திரும்பத் திரும்ப ஒலிக்கும். 2015இல் உலகமெங்கும் பரவிய 'லீன் ஆன்' பாடலில், பாடகியின் குரலையே துண்டாக்கி, சுருதி மாற்றி, சொல் இல்லாத மெட்டாக்கியிருந்தார்கள். அனிருத்தின் 'அரபிக் குத்து' (2022) போன்ற பாடல்களில் பொருளற்ற அசைகள் அந்த வேலையைச் செய்கின்றன.

கமகமும் கணினியும்

1983இல் வந்த மிடி முறை ஒவ்வொரு சுரத்துக்கும் ஓர் எண் கொடுத்தது. 1997இல் வந்த ஆட்டோ-டியூன், விலகும் குரலை அருகிலுள்ள சுரத்துக்கு இழுத்து நிறுத்தும். பாடகி ஷேரின் 'பிலீவ்' (1998) அதை ஒரு பாணியாகவே ஆக்கியது. திருத்தும் வேகத்தை முழுமையாகக் கூட்டினால், சுரத்தை அசைத்தும் வழுக்கியும் பாடும் கமகத்தின் வளைவு படிக்கட்டாக உடைந்துவிடும். குறைத்து வைத்தால் குழைவு தப்பிப் பிழைக்கும். தமிழ்க் குரலைப் பதிவு செய்யும் ஒலிப்பொறியாளர் கவனமாகக் கையாள வேண்டிய இடம் இது.

வேறு வழிகளும் உண்டு. கீபோர்டின் பிட்ச் பெண்ட் சக்கரம் சுரத்தை வளைக்கும். ரகுமான் 'டெல்லி-6' (2009) படத்தின் 'ரெஹ்னா தூ' பாடலில், விரலை இழுத்து வாசிக்கும் கன்டினியூம் என்ற மின்னணுக் கருவியில் கமகங்களைக் கொண்டுவந்தார்.

தோட்டமும் உருமியும்

மலேசியாவின் கோல சிலாங்கூர் வட்டாரத்துத் தோட்டங்களில் பால்மரம் போய்ச் செம்பனை வந்தது. பல குடும்பங்கள் நகரங்களுக்குக் குடிபெயர்ந்தன. தோட்டக் கோயில் திருவிழாக்களின் உருமி மேளமும் அவர்களோடு நகர்ந்தது. தைப்பூசத்தன்று பத்துமலையில் காவடிகளுக்கு முன்னே முழங்குவதும் அதுவே.

உருமியின் ஒரு முகத்தைக் குச்சியால் அடிப்பார்கள். மறுமுகத்தை வளைந்த குச்சியால் தேய்ப்பார்கள். தேய்க்கும்போது எழும் உறுமல் ஒரே சுருதியில் நிற்காமல் ஏறி இறங்கும். ரோலண்ட் டிஆர்-808 (1980) டிரம் மெஷினின் அடிநாதத்தை இன்றைய ராப் இசையமைப்பாளர்கள் ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு இழுப்பதும் இதே வகை அசைவுதான். அதனால் இரண்டும் ஒரே பாட்டில் இயல்பாகப் பொருந்துகின்றன.

மலேசியாவுக்கு வெளியிலும் இந்தச் சேர்க்கை நடந்தது. ஈழத்தமிழ்ப் பின்னணி கொண்ட பாடகி எம்.ஐ.ஏ. தமது 'கலா' (2007) தொகுப்பில் உருமி ஒலியை மேற்கத்திய நடன இசைக்குள் கொண்டுவந்தார். சந்தோஷ் நாராயணன் இசையில் பாடகி தீயும் ராப் பாடகர் அறிவும் பாடிய 'என்ஜாய் எஞ்சாமி' (2021), ஒப்பாரியின் சாயலை மின்னணுத் தாளத்தோடு சேர்த்தது. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் உழைத்த தலைமுறையின் நினைவிலிருந்து பிறந்த பாடல் அது.