மூடிய வாயிலும் திறந்த பள்ளியும்

தெற்கே பனங்காட்டுச் சீமையிலிருந்து வணிகம் நாடிச் சிவகாசியிலும் விருதுபட்டியிலும் குடியேறியவர்கள் நாடார்கள். அமெரிக்கக் கறுப்பின மக்களுக்கு நிறம் தடையானதுபோல், இவர்களுக்குப் பிறப்பே தடையாக்கப்பட்டது. 1897-இல் கமுதிக் கோயிலுள் நுழைந்தோர் மீது வழக்குத் தொடரப்பட்டது. 1899 ஜூனில் சிவகாசி தாக்கப்பட்டது, வீடுகள் எரிந்தன. 1908-இல் லண்டன் பிரிவி கவுன்சிலும் கமுதி வழக்கில் அவர்களுக்கு எதிராகவே தீர்ப்பளித்தது.

எனினும் அவர்கள் சோர்ந்தாரில்லை. வணிகர்கள் சரக்குக்கு இவ்வளவென்று செலுத்திய மகமைப் பணத்தில், விருதுபட்டியில் சத்திரிய வித்தியாசாலை முன்பே எழுந்திருந்தது. அங்குப் பயின்ற காமராசர் 1954-இல் முதலமைச்சரானார். எல்லாச் சமூகத்து ஏழைப் பிள்ளைகளுக்கும் பள்ளிகளைத் திறந்தார்.

நம் ஊர்களிலும் பொதுப்பணம் சேர்கிறது. அதில் எவ்வளவு பள்ளிக்குச் செல்கிறது என்பதை நாம் எண்ணிப் பார்த்தல் நன்று.