கேனிபல் ஹோலோகாஸ்ட் வழக்கு

ருஜ்ஜெரோ தேயொதாத்தோ இயக்கி 1980இல் வெளியான ‘கேனிபல் ஹோலோகாஸ்ட்’ என்ற இத்தாலியப் படத்தின் மீது நடந்த வழக்கு இது. ஆபாசக் குற்றச்சாட்டில் தொடங்கி, நடிகர்களை நிஜமாகவே கொன்று படம்பிடித்தாரோ என்ற சந்தேகம்வரை வளர்ந்தது.

ரத்தத்தையும் காமத்தையும் காட்டிக் குறைந்த செலவில் காசு பார்க்கும் ‘எக்ஸ்பிளாய்டேஷன்’ படங்கள் இத்தாலியில் 1960கள் முதல் ஒரு தனித் தொழிலாகவே நடந்துவந்தன. அவற்றில் நரமாமிசப் படங்கள் ஒரு கிளை. உம்பெர்த்தோ லென்சி 1972இல் எடுத்த படத்தோடு அது தொடங்கியது எனலாம். தேயொதாத்தோ அதில் ஒரு புது உத்தியைச் சேர்த்தார். அமேசான் காட்டில் காணாமல்போன ஆவணப்படக் குழுவினரைத் தேடிச் செல்லும் பேராசிரியர், அவர்கள் விட்டுச்சென்ற படச்சுருள்களுடன் திரும்புகிறார். படத்தின் பின்பாதி அந்தச் சுருள்களே. ஆடும் கேமரா, கீறல் விழுந்த பிம்பம், பாதியில் அறுபடும் காட்சி. 1979இல் கொலம்பியாவின் லெட்டிசியா அருகே படமாக்கினார்கள். நான்கு முக்கிய நடிகர்களும் ஓராண்டுக்கு ஊடகங்களில் தலைகாட்டக் கூடாது என்று ஒப்பந்தமும் போடப்பட்டது. செத்தவர்கள் செத்தவர்களாகவே தெரிய வேண்டும் என்ற இந்தச் சாமர்த்தியம் பிறகு இயக்குநரின் கழுத்துக்கே கத்தியானது.

இத்தாலியத் தணிக்கைக்கு அப்போது இரண்டு வாசல்கள். 1962ஆம் ஆண்டின் 161ஆம் எண் சட்டப்படி அமைச்சகக் குழு அனுமதி தர வேண்டும். அனுமதி கிடைத்துத் திரையிட்ட பிறகும், தண்டனைச் சட்டத்தின் ஆபாசப் பிரிவைக் காட்டி நீதித்துறை பிரதிகளைப் பறிமுதல் செய்யலாம். கேனிபல் ஹோலோகாஸ்ட் 1980 பிப்ரவரி 7 அன்று மிலானில் வெளியானது. ஏறத்தாழ பத்தே நாளில் பறிமுதலானது. 1981 ஜனவரியில், படத்தில் வரும் சாவுகள் உண்மையாக இருக்கலாம் என்று ‘ஃபோட்டோ’ என்ற பிரெஞ்சு இதழ் எழுத, வழக்கு கொலைவரை போனது.

தேயொதாத்தோ தன் ஒப்பந்தத்தைத் தானே உடைத்து, நடிகர்களைத் தேடிப்பிடித்து, அவர்கள் உயிரோடு இருப்பதைக் காட்ட வேண்டியிருந்தது. படத்தில் கழுவேற்றப்பட்ட பெண்ணின் காட்சி எப்படி எடுக்கப்பட்டது என்பதையும் விளக்கினார்: இரும்புக் கம்பத்தில் பொருத்திய சைக்கிள் இருக்கையில் அவள் அமர்ந்திருந்தாள், வாயில் கவ்வியிருந்தது பால்சா மரக்குச்சி. கொலைக் குற்றச்சாட்டு கைவிடப்பட்டது.

பொய்யைப் பொய்தான் என்று நிரூபிக்க இத்தாலிய இயக்குநர் நீதிமன்றம் ஏறியது இது முதல் முறையல்ல. லூச்சோ ஃபுல்ச்சியின் 1971ஆம் ஆண்டுப் படமொன்றில் வயிறு கிழிக்கப்பட்ட நாய்கள் நிஜமானவை என்ற புகார் எழுந்தபோது, அவற்றைச் செய்த கார்லோ ரம்பால்தி அந்தப் பொம்மைகளையே நீதிமன்றத்துக்கு எடுத்துவந்தார். பின்னாளில் ‘ஈ.டி.’யை உருவாக்கிய அதே ரம்பால்திதான். ‘ஆஃப்ரிக்கா அத்தியோ’ (1966) என்ற ஆவணப்படத்தின் விவகாரம் இன்னும் கசப்பானது. காங்கோவில் கேமராவுக்காகவே ஆட்கள் சுட்டுக்கொல்லப்பட்டதாக அதன் இயக்குநர்களில் ஒருவரான குவால்தியேரோ யாகோபெத்தி குற்றம்சாட்டப்பட்டு விடுவிக்கப்பட்டார்.

கேனிபல் ஹோலோகாஸ்டில் மனிதச் சாவுகள் எல்லாமே நடிப்பும் அல்ல. படத்துக்குள் ஓடும் ஒரு ‘ஆவணப்பட’த் துண்டில் இருப்பவை செய்திப்படங்களிலிருந்து எடுத்த உண்மையான மரண தண்டனைகள். விலங்குகளின் சாவில் ஒப்பனையே இல்லை. கோட்டி என்னும் சிறு பாலூட்டி, ஆற்று ஆமை, சிலந்தி, பாம்பு, பன்றி ஆகியவற்றோடு இரண்டு குரங்குகளும் கொல்லப்பட்டன. திரையில் சாவது ஒரு குரங்குதான். காட்சியை மறுபடி எடுத்ததில் இரண்டாவதும் போனது. கலை நியாயம் எதுவும் இதற்குப் போதாது. தேயொதாத்தோவே பின்னாளில் வருந்தினார். கொலைக் குற்றச்சாட்டு போனாலும், இயக்குநர், தயாரிப்பாளர்கள் உள்ளிட்டோருக்கு நிறுத்திவைக்கப்பட்ட நான்கு மாதச் சிறைத்தண்டனை கிடைத்தது. படத்தின் மீதான தடை 1984இல் நீங்கியது.

அதற்குள் தடையே சரக்காகிவிட்டது. லென்சியின் ‘கேனிபல் ஃபெராக்ஸ்’ (1981), 31 நாடுகளில் தடைசெய்யப்பட்ட படம் என்று சொல்லியே விற்கப்பட்டது. படங்களை முழுதாகத் தடுக்கும் அதிகாரத்தை இத்தாலி 2021 ஏப்ரலில்தான் கைவிட்டது. பிரிட்டனில் 1980களில் வழக்குக்கு உள்ளாகக்கூடிய வீடியோக்களின் ‘வீடியோ நாஸ்டி’ பட்டியலில் இருந்த கேனிபல் ஹோலோகாஸ்ட், 2001இல் பல நிமிடக் காட்சிகள் வெட்டப்பட்டு அங்கே வெளியானது. 2011இல் வெட்டு 15 விநாடியாகச் சுருங்கியது. கழுவேற்றம் முழுதாகவே இருந்தது. வெட்டப்பட்டது கோட்டியின் சாவு.