எல்லைக்கல்லும் காவலரும்: விழுப்புரம், திண்டிவனம் வட்டார நிலத் தகராறுகளில் காவல் பாதுகாப்பு

எல்லைத் தகராறு மூண்டதும் விழுப்புரம், திண்டிவனம் பகுதியில் மக்கள் பெரும்பாலும் முதலில் போவது காவல் நிலையத்துக்கு. மனு கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது கிடைக்கும். பக்கத்து நிலக்காரரையும் கூப்பிட்டு விசாரிப்பார்கள். கடைசியில் ‘இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க’ என்பார்கள். இதைத் தட்டிக்கழிப்பு என்று ஒதுக்குவதற்கில்லை. சட்ட நியாயம் உள்ள பதில்தான் இது. ஆனால் அந்த நியாயம் செல்லாத இடத்திலும் இதே பதில் சொல்லப்படுகிறது என்பதே என் வாதம்.

நிலம் யாருடையது என்று தீர்மானிக்கும் அதிகாரம் காவல் துறைக்கு இல்லை. இன்னும் தீர்மானமாகாத உரிமையை நிலைநாட்டக் காவல் பாதுகாப்புக் கேட்டு நீதிப்பேராணை மனு போட முடியாது என்று பி.ஆர். முரளிதரன் வழக்கில் (2006) உச்ச நீதிமன்றம் கூறியது. உரிமையியல் நீதிமன்றத்தில் தடையாணை பெற்று, அதை எதிர்த்தரப்பு மதிக்காதபோது, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151-ஆம் பிரிவின்கீழ் பாதுகாப்புக் கோரலாம். அடிதடி நடந்திருந்தால் நிலைமை வேறு. பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் புகாரில் தெரிந்தால் வழக்குப் பதிந்தே ஆக வேண்டும் என்பது லலிதா குமாரி தீர்ப்பு (2013).

இவ்வளவும் உரிமை பற்றிய வழக்குகளுக்குப் பொருந்தும். வரப்புச் சண்டைகளிலோ பல நேரங்களில் உரிமை பற்றிய சண்டையே கிடையாது. இருவரிடமும் கிரயப் பத்திரம் இருக்கும், பட்டா இருக்கும். அவருக்கு இத்தனை சென்ட், இவருக்கு இத்தனை சென்ட் என்பதிலும் இருவருக்கும் மறுப்பில்லை. கோடு எங்கே ஓடுகிறது என்பதுதான் தகராறு. மல்லாட்டைக்கு ஏர் ஓட்ட ஓட்ட வரப்பு கொஞ்சம் கொஞ்சமாக நகர்கிறது. எல்லைக்கல் ஒருநாள் காணாமல் போகிறது. அண்ணன் தம்பிகள் வாய்மொழியாகப் பாகம் பிரித்துக்கொண்டு, உட்பிரிவு செய்யாமல் கூட்டுப் பட்டாவிலேயே தலைமுறைகளைக் கடத்துகிறார்கள். சென்னை–திருச்சி நெடுஞ்சாலையை ஒட்டி மனை விலை ஏறிய பிறகு, முன்பு பொருட்படுத்தாத ஒரு சாண் மண்ணுக்கும் விலை வந்துவிட்டது.

இதற்கு மருந்து அளவை. கட்டணம் கட்டினால் சர்வேயரும் புலப்படத்தோடு வந்து நிற்பார். எதிர்த்தரப்பு சங்கிலியைப் பிடிக்க விடாது. எதிர்ப்பு இருந்ததால் அளக்க இயலவில்லை என்று எழுதிவிட்டு அவர் திரும்பிவிடுவார். அளப்பதற்குக் காவல் பாதுகாப்புக் கேட்டு ஏழை விவசாயி சென்னை உயர் நீதிமன்றம்வரை போக வேண்டியிருப்பது எனக்குப் பெரிய அநியாயமாகப் படுகிறது. அளப்பதால் யாருடைய உரிமையும் பறிபோவதில்லை, யாரும் அனுபவத்திலிருந்து வெளியேற்றப்படுவதுமில்லை. 1923-ஆம் ஆண்டின் நில அளவை, எல்லைகள் சட்டப்படி முடிவாகி அறிவிக்கப்பட்ட எல்லையை எதிர்த்துக்கூட மூன்று ஆண்டுக்குள் வழக்குத் தொடரலாம். அளக்க வந்த அரசு ஊழியரைத் தடுப்பதோ பாரதிய நியாய சன்ஹிதாவின் 221-ஆம் பிரிவின்படி குற்றம். ‘சிவில் மேட்டர்’ என்ற பதிலுக்கு இங்கே இடமில்லை.

புதிய சட்டமும் தேவையில்லை. நிலத் தகராறால் அமைதி குலையும் என்றால் தலையிடும் அதிகாரம் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145-ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதாவின் 164-ஆம் பிரிவு) விழுப்புரத்தில் வருவாய்க் கோட்டாட்சியரிடமும் திண்டிவனத்தில் சார் ஆட்சியரிடமும் இருக்கிறது. பட்டா மேல்முறையீடும் அதே மேசைக்குத்தான் வருகிறது. அளவை தடைப்பட்டதாகத் தாசில்தார் தெரிவித்த உடனே, தேதி குறித்து இன்ஸ்பெக்டருக்கு பந்தோபஸ்து கேட்டு அங்கிருந்தே கடிதம் போகலாம்.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. காக்கிச் சட்டை வரப்பில் நின்றாலே, அது வசதியுள்ளவர் பக்கம் நிற்பதாகத்தான் எளியவர் கண்ணுக்குத் தெரியும். காலனிக்காரர் நிலமும் ஊர்த்தெருக்காரர் நிலமும் ஒட்டிக் கிடக்கும் இடங்களில் இந்த அச்சம் நியாயமானதே. ஆகவே இரு தரப்புக்கும் முன்கூட்டியே எழுத்தில் அறிவிப்புத் தர வேண்டும். அளவைப் படத்தின் நகலை அன்றைக்கே இருவர் கையிலும் கொடுக்க வேண்டும். சங்கிலியைச் சுருட்டியதும் காவலர் கிளம்பிவிட வேண்டும்; கம்பிவேலிச் சுருளோடு காத்திருக்கும் ஆட்களையும் அவர் கையோடு திருப்பி அனுப்ப வேண்டும்.